பாம்பனில் மீனவக் குடும்பத்துக்கு வாழ்க்கைப்பட்டு வந்திருக்கிறேன், குழந்தைக்கு நேர ஒழுங்கு எப்படிப் பழக்குவது?

நீங்கள் எழுதியதை நான் சரியாகப் புரிந்துகொண்டேனா என்று முதலில் சொல்லிப் பார்க்கிறேன். ஈரோட்டுப் பக்கம் பிறந்து வளர்ந்தவர் நீங்கள். பாம்பனுக்கு வாழ்க்கைப்பட்டு வந்து இரண்டரை வருடம் ஆகிறது. பதினைந்து மாதத்தில் ஒரு பெண் குழந்தை. கணவர் ராமேஸ்வரத்திலிருந்து விசைப்படகில் போகிறார், மாமனாருக்குச் சொந்தமாக ஒரு வத்தை, அதாவது சின்ன நாட்டுப்படகு, இருக்கிறது, மாமியார் கடல்பாசி எடுக்கப் போகிறார். நடுராத்திரி இரண்டு மணிக்கு அடுப்பு எரிகிறது. காலை பத்து மணிக்கு யாராவது ஒருவர் போர்த்திக்கொண்டு தூங்குகிறார். சில நாட்கள் அத்தை குழந்தையைத் தூக்குவதேயில்லை. "இந்த வீட்டில் ஒழுங்கே கிடையாது. தனிக்குடித்தனம் போனால்தான் குழந்தைக்குத் தூங்கும் நேரம், சாப்பிடும் நேரம் பழகுமா?" என்று முடித்திருக்கிறீர்கள். குழந்தையின் தூக்கத்துக்குப் பதில் சொல்வது எளிது. அந்தப் பதில் உங்களுக்கு உதவ வேண்டுமென்றால், இந்த வீடு எந்தக் கணக்கில் ஓடுகிறது என்பது முதலில் பிடிபட வேண்டும். அதனால் அங்கிருந்து தொடங்குகிறேன்.

நான் கிராம சுகாதார செவிலியராக 26 வருடம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள். அதில் பெரும்பகுதி மண்டபத்திலிருந்து ராமேஸ்வரம் தீவு வரையிலான கடற்கரைக் கிராமங்களில்தான். எடை பார்ப்பது, தடுப்பூசி போடுவது, கர்ப்பிணிகளைப் பதிவு செய்வது என்று வீடு வீடாக ஏறி இறங்கிய அனுபவம். நான் மருத்துவர் இல்லை. குழந்தையின் எடை ஏறாமல் நின்றாலோ, தூக்கத்தில் மூச்சுத் திணறினாலோ இந்தப் பதிலை விட்டுவிட்டு ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். அதேபோல, கீழக்கரை, தொண்டி பக்கத்து வீடுகளுக்கு நான் சொல்வது அப்படியே பொருந்தும் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். அங்கே தொழிலும் வேறு, நாள் கணக்கும் வேறு.

வேலைக்குச் சேர்ந்த புதிதில் நானும் உங்களைப் போலத்தான் நினைத்தேன். எனக்கு ஊர் பரமக்குடிக்கு உள்ளே, வயல்காட்டுப் பக்கம். ஒரு வியாழக்கிழமை காலை பதினொரு மணிக்கு ஒரு வீட்டுக் கதவைத் தட்டினேன். யாரும் திறக்கவில்லை. பலமாகத் தட்டினேன். ஒரு பெண் ஓடி வந்து வாயில் விரலை வைத்தாள். உள்ளே புருஷன், இரண்டு பிள்ளைகள், எல்லோரும் தூக்கம். "பொழுது உச்சிக்கு வந்தாச்சு, பிள்ளைகளைப் பள்ளிக்கூடம் அனுப்பாமல் இப்படித் தூங்கவைக்கலாமா?" என்று சத்தம் போட்டுவிட்டேன். திண்ணையில் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்த அப்பத்தா நிமிர்ந்து பார்த்து, "நர்ஸம்மா, ஒங்களுக்கு இது பகலு. எம் மகனுக்கு இதுதான் ராத்திரி. பிள்ளைக ரெண்டுக்கும் காய்ச்ச" என்றார். பிள்ளைகளுக்குக் காய்ச்சல் என்பதைக்கூடக் கேட்காமல் நான் திட்டியிருக்கிறேன். அந்த வெட்கம் இன்னும் எனக்குள் இருக்கிறது. அதன் பிறகுதான் எந்தக் கிழமையில் எந்த வீட்டுக்குப் போகலாம் என்று ஒரு நோட்டில் எழுதிவைக்கப் பழகினேன். இப்போது உங்களுக்குச் சொல்லப்போவது அந்த நோட்டிலிருந்து வந்ததுதான்.

முதலில் உங்கள் கணவர். பாக் நீரிணைப் பக்கம் வாரத்தில் மூன்று நாள் விசைப்படகுக்கு, நான்கு நாள் நாட்டுப்படகுக்கு என்று பல காலமாக ஒரு ஏற்பாடு இருக்கிறது. ராமேஸ்வரத்தில் திங்கள், புதன், சனி விசைப்படகு நாள். காலையில் மீன்துறையில் அனுமதி டோக்கன் வாங்கிக்கொண்டு போகிறவர்கள் மறுநாள் காலையில்தான் கரை சேர்வார்கள். ராத்திரி முழுக்க வலை இழுப்பு. கரைக்கு வந்தும் வேலை முடிவதில்லை. இறக்க வேண்டும், தரம் பிரிக்க வேண்டும், விலை முடிய வேண்டும். ஆகச் செவ்வாய், வியாழன், ஞாயிறு காலை எட்டு ஒன்பது மணிக்கு வீட்டுக்கு வரும் மனிதர் ஒரு முழு இரவு கண்விழித்தவர். அவர் பத்து மணிக்குத் தூங்குவதில் ஒரு ஒழுங்கீனமும் இல்லை.

அடுத்தது மாமனார். வத்தைக்காரர் வலை விட்டிருக்கும் இடத்தில் வலையை இழுத்துக்கொண்டு விசைப்படகு ஓடினால் வலை கிழிந்து போய்விடும். அதனால்தான் மகன் கடலில் இருக்கும் நாள் அப்பா கரையில், அப்பா போகும் நாள் மகன் வீட்டில். ராத்திரி இரண்டு மணிக்கு எரியும் அடுப்பு மாமாவுக்கானது. மூன்று மணிக்கு வத்தை தள்ள வேண்டுமென்றால் அதற்கு முன் தூக்குவாளியில் கஞ்சியும் துவையலும் ஏற வேண்டும். இதோடு காற்றையும் நிலவையும் சேர்த்துக்கொள்ளுங்கள். வாடைக்காற்று வீசும் ஐப்பசி, கார்த்திகை, மார்கழியில் வடகடல், அதாவது பாக் நீரிணைப் பக்கம், கொந்தளிக்கும். அப்போது தென்கடல், அதாவது மன்னார் வளைகுடாப் பக்கம், தொழில் பார்ப்பார்கள். தென்மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்று காலத்தில் இது அப்படியே மாறும். நல்ல நிலவில் மீனுக்கு வலை தெரிந்துவிடும் என்பதால் பௌர்ணமியை ஒட்டிய இரவுகளில் பல வலைகளுக்கு மீன்பாடு குறைவு. அந்த நாட்களில் மாமா வீட்டில் இருந்து வலை பொத்துவதை நீங்களே பார்த்திருப்பீர்கள்.

மூன்றாவது, அத்தை. பாசிக்குப் போகும் பெண்கள் மாதம் முழுக்கப் போவதில்லை. அமாவாசைக்குப் பின் ஆறு நாள், பௌர்ணமிக்குப் பின் ஆறு நாள், ஆக மாதத்தில் சுமார் 12 நாள். அப்போதுதான் நீர் நன்றாக வற்றிப் பாறை கைக்கு எட்டும். மரிக்கொழுந்து, கட்டக்கோரை என்று பெயர் சொல்லி எடுத்து வருவார்களே, அது பாறையில் ஒட்டி வளர்வது. மூச்சடக்கி முங்கி, ஒட்டியிருப்பதைப் பிய்த்தெடுக்க வேண்டும். விரல்களில் துணிக் கிழிசலும் ரப்பரும் சுற்றிக்கொண்டுதான் போவார்கள். அப்படியும் பாறை கிழித்துவிடும், கிழிந்த இடத்தில் உப்புத் தண்ணீர் ஊறும். தங்கச்சி, சில நாட்கள் அத்தை குழந்தையைத் தூக்குவதேயில்லை என்று எழுதினீர்களே, அந்த நாட்களில் அவர் கையை ஒருமுறை வாங்கிப் பாருங்கள். நான் மருந்து கட்டிய கைகளை வைத்துத்தான் சொல்கிறேன். மேலெல்லாம் காயம், ஊறிப்போன தோல், பாசி வாடை. அந்தக் கையால் பச்சைப் பிள்ளையைத் தொடக் கூசுகிற பெண்களை நிறையப் பார்த்திருக்கிறேன். உங்கள் அத்தையின் மனசு எனக்குத் தெரியாது என்பதால் இதுதான் காரணம் என்று அடித்துச் சொல்ல மாட்டேன். ஆனால் அவர் தூக்காத நாட்களை எண்ணிப் பாருங்கள். அவை ஆறாறு நாட்களாக வந்தால், அமாவாசைக்கும் பௌர்ணமிக்கும் பின்னால் வந்தால், உங்களுக்கே விளங்கிவிடும்.

ஆக, உங்கள் வீட்டில் மூன்று கணக்கு ஒரே கூரைக்குள் ஓடுகிறது. ஒன்று கிழமையைப் பார்க்கிறது, ஒன்று காற்றைப் பார்க்கிறது, ஒன்று நிலவைப் பார்க்கிறது. இதையெல்லாம் யாரும் உங்களுக்கு உட்கார்ந்து விளக்கியிருக்க மாட்டார்கள். பிறந்ததிலிருந்து இதற்குள்ளேயே இருப்பவர்களுக்கு இதைச் சொல்ல வேண்டும் என்றே தோன்றாது. ஒரு மாதக் காலண்டர் வாங்கி அடுப்படிச் சுவரில் மாட்டுங்கள். டோக்கன் நாளுக்கு ஒரு நிறம், பாசி நாளுக்கு ஒரு நிறம், குழாயில் தண்ணீர் வரும் நாளுக்கு ஒரு நிறம். ஒரு மாதம் குறித்துவிட்டுப் பாருங்கள், இந்த வீடு குழந்தையைப் பெரும்பாலும் தனியே விடாதபடிதான் சுழல்கிறது என்பது தெரியும். பௌர்ணமியை ஒட்டி அத்தை பாசிக்குப் போகும் நாட்களில் தாத்தா கரையில் இருக்கிறார். மாமா போகும் நாளில் அப்பா இருக்கிறார். ஈரோட்டில் உங்கள் அம்மா வீட்டில்கூடப் பகல் பொழுதில் ஓர் ஆண் இப்படிக் குழந்தையோடு இருந்திருப்பாரா என்று யோசியுங்கள்.

இனி குழந்தை. ஒன்றிலிருந்து இரண்டு வயதுக்குள் இருக்கும் குழந்தைக்கு 24 மணி நேரத்தில் 11 முதல் 14 மணி நேரத் தூக்கம் தேவை, பகல் தூக்கத்தையும் சேர்த்து. உலக சுகாதார நிறுவனம் 2019-ல் வெளியிட்ட வழிகாட்டி இது. இதில் எனக்குச் சந்தேகம் இல்லை. அப்பா வரும்போது எழுந்திருக்க வேண்டும், தாத்தா போகும்போது தூங்க வேண்டும் என்று குழந்தையின் நேரத்தைப் பெரியவர்களின் நேரத்தோடு கட்டினால் அது தினமும் மாறும், குழந்தை சிணுங்கும். அந்த வீட்டில் எது மாறாதோ அதோடு கட்டுங்கள். பொழுது சாய்வது மாறாது. விளக்கு வைத்ததும் உடம்பு துடைத்து, சோறு ஊட்டி, பால் கொடுத்து, எட்டு மணிக்குள் தொட்டிலில் போடுங்கள். கடலில் யார் இருந்தாலும், யார் கரையில் இருந்தாலும் இதே வரிசைதான். நேரம் பத்து இருபது நிமிடம் முன்னே பின்னே ஆனால் பரவாயில்லை, வரிசை மாற வேண்டாம். இரண்டு மூன்று வாரம் பொறுங்கள்.

இரண்டு மணி அடுப்பை நீங்கள் நிறுத்த முடியாது, நிறுத்தவும் வேண்டாம். குழந்தையை எழுப்புவது பெரும்பாலும் டியூப் லைட் வெளிச்சம்தான். அடுப்படிக்கு மட்டும் ஒரு சின்ன பல்பு போட்டு, தொட்டிலை அந்த வாசலுக்கு நேராக இல்லாமல் அடுத்த மூலைக்கு மாற்றிப் பாருங்கள். சட்டி பானைச் சத்தத்துக்குக் குழந்தைகள் பழகிக்கொள்கின்றன. கடற்கரைப் பிள்ளைகள் அலையும் இஞ்சினும் கேட்டுத் தூங்குகிறவர்கள். கடலுக்குக் கிளம்புகிறவரிடம் "எங்கே?" என்று கேட்கக் கூடாது, பின்னாலிருந்து கூப்பிடக் கூடாது என்று வீட்டில் கண்டிப்பதாகச் சொல்லியிருந்தீர்கள். அது ஆபத்தைத் தடுக்குமா என்பது நம்பிக்கையைப் பொறுத்தது. நான் கண்டது இவ்வளவுதான்: அந்த வழக்கத்தால் ராத்திரி கிளம்பும் நேரத்தில் அந்த வீடுகளில் ஒரு பேச்சும் இருக்காது, பிள்ளைகள் விழிக்காது. புதன் ராத்திரி அத்தை உம்மென்று இருப்பதைக் கோபம் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். எல்லை தாண்டியதாகப் படகு பிடிபட்ட செய்தி எந்த வியாழன் காலையிலும் வரலாம் என்று வாழ்கிற ஊர் அது. 1964 டிசம்பர் புயலில் தனுஷ்கோடி போனதைக் கேட்டு வளர்ந்த தலைமுறை வேறு. காற்று திரும்பினால் அவர்களுக்குத் தூக்கம் வராது.

கணவர் வந்ததும் தூங்குகிற குழந்தையை எழுப்பிக் கொஞ்சுகிறார் என்பது உங்கள் இன்னொரு குறை. அதைத் தடுக்காதீர்கள் என்றுதான் சொல்வேன், கொஞ்சம் தள்ளிவையுங்கள். முதலில் அவர் குளித்து வரட்டும், டீசல் வாடை போகட்டும். அப்புறம் குழந்தையை மடியில் வைத்து அவரே ஒரு வேளை ஊட்டட்டும். ஊட்டி முடித்ததும் இருவரும் ஒரே பாயில் தூங்கட்டும். உங்கள் குழந்தையின் பகல் தூக்கமும் அவருடைய இரவுத் தூக்கமும் அந்த மூன்று நாட்களில் ஒன்றாக விழும். செல்போனைக் காட்டி விளையாட்டுக் காட்டுவதை மட்டும் கண்டிப்பாக நிறுத்துங்கள். இந்த வயதில் அது வேண்டவே வேண்டாம்.

சாப்பாட்டில் நீங்கள் பயப்படுகிற அளவுக்கு ஒன்றும் இல்லை. கடற்கரைக் குழந்தைக்குக் கிடைக்கிற மீன் உள்நாட்டுக் குழந்தைக்குக் கிடைக்காத சத்து. மூன்று நான்கு வேளைச் சாப்பாடு, நடுவில் ஒன்றிரண்டு தடவை பழம் போல ஏதாவது, இதோடு தாய்ப்பால். குழம்பில் உப்பும் முண்டு மிளகாயும் ஏறுவதற்கு முன்பே மஞ்சள் போட்டு அவித்த துண்டை எடுத்து வைத்துவிடுங்கள். விளமீன், பாறை மீன் போன்றவற்றின் சதையை விரலால் நசுக்கி முள் பார்த்துக் கொடுங்கள். சூடை இந்த வயதுக்கு வேண்டாம், அவ்வளவும் பொடி முள். கருவாடு உப்பு, அதுவும் வேண்டாம். பெரியவர்களுக்கே நாளுக்கு 5 கிராமுக்குள் உப்பு இருக்க வேண்டும் என்கிறார்கள். மாமாவுக்கு இரத்த அழுத்த மாத்திரை இருந்தால் அதை எந்த வேளைக் கஞ்சியோடு சேர்த்து விழுங்குவது என்று செவிலியரிடம் கேட்டு வையுங்கள். "காலை சாப்பாட்டுக்குப் பின்" என்று எழுதிக் கொடுத்ததை, இரண்டு மணிக்குக் கஞ்சி குடிக்கிறவர்கள் எந்த வேளை என்று தெரியாமல் விட்டுவிடுவதை நான் பல வீடுகளில் பார்த்தேன்.

பால் ஊறும் என்று பால்சுறாப் புட்டு சாப்பிடச் சொல்லி அத்தை வற்புறுத்துவதைப் பற்றி. குழந்தை அடிக்கடி சப்பச் சப்பத்தான் பால் ஊறும், இது உறுதி. சுறாவால் ஊறுகிறதா என்றால், ஊறியது என்று சொன்ன தாய்மார்களும் உண்டு, வித்தியாசம் தெரியவில்லை என்றவர்களும் உண்டு. சத்தான சாப்பாடு என்ற அளவில் நல்லதுதான். ஆனால் பெரிய சுறாக்களின் உடம்பில் பாதரசம் சேரும், பால் கொடுக்கிறவர்கள் அதை அடிக்கடி சாப்பிடக் கூடாது. எப்போதாவது ஒருநாள், குட்டிச் சுறாவாக இருந்தால் சாப்பிடுங்கள். மற்ற நாளில் காரல் மீன் அவியல் கேளுங்கள், அத்தையும் சந்தோஷப்படுவார்.

தனிக்குடித்தனம் பற்றி நான் முடிவு சொல்ல முடியாது. ஒன்று மட்டும் கணக்குப் போட்டுப் பாருங்கள். கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுக்குத் தடைக்காலம். உங்கள் கணவருக்கு வருமானம் நிற்கும். அரசு தரும் நிவாரணம் 8,000 ரூபாய். அதே 61 நாளில் மாமாவின் வத்தைக்குத் தடை இல்லை. ஒரே உலையில் பொங்கும் வீட்டில் அந்த இரண்டு மாதம் எப்படியோ கடந்துவிடும். தனி உலை என்றால் நகை அடகுக்குப் போகும், பல வீடுகளில் பார்த்தாயிற்று. பணம் எல்லாம் அத்தை சுருக்குப்பையில் இருக்கிறது என்று வருத்தப்பட்டீர்கள். அதைக் கேட்டு வாங்குவதற்கு முன், எதற்கு எவ்வளவு ஒதுக்குகிறார் என்று பக்கத்தில் உட்கார்ந்து கற்றுக்கொள்ளுங்கள். டீசல், ஐஸ் செலவு போக வரும் பங்கு ஒரு வாரம் கைநிறைய வரும், அடுத்த வாரம் ஒன்றுமே வராது. அந்த மேடு பள்ளத்தைச் சமன் செய்யும் கணக்கு அவர் மண்டையில்தான் இருக்கிறது. ஆனால் கணவர் குடித்துவிட்டு அடிக்கிறார், குழந்தைக்கு மருந்து வாங்கக்கூட காசு தர மறுக்கிறார்கள் என்கிற நிலை இருந்தால் இதெல்லாம் பொருந்தாது. அப்போது பெண்கள் உதவி எண் 181-க்குக் கூப்பிடுங்கள், தயங்க வேண்டாம்.

தடைக்காலத்தில் இன்னொன்றும் நடக்கும். அப்பா இரண்டு மாதம் வீட்டிலேயே இருந்து, படகுக்குப் பெயின்ட் அடிக்கப் போகும்போதுகூடக் குழந்தையைத் தூக்கிக்கொண்டு போவார். ஜூன் நடுவில் முதல் ராத்திரி அவர் இல்லாதபோது குழந்தை தேடி அழும். நீங்கள் பழக்கிய தூக்கம் நான்கைந்து நாள் கலையும். திரும்பவும் அதே மாலை வரிசையைப் பிடித்தால் ஒரு வாரத்தில் சரியாகும்.

கடைசியாக ஒரு வேலை பாக்கி இருக்கிறது. 16 மாதம் முடிந்ததும் தட்டம்மை ரூபெல்லா இரண்டாம் தவணை, முத்தடுப்பு ஊக்கத் தவணை, போலியோ சொட்டு மருந்து, வைட்டமின் ஏ எல்லாம் போட வேண்டும். 24 மாதம் வரை அவகாசம் உண்டு, தள்ளிப்போடாதீர்கள். நம் மாநிலத்தில் புதன்கிழமைதான் தடுப்பூசி நாள். புதன் டோக்கன் நாள், கணவர் இருக்க மாட்டார். பௌர்ணமிக்கு அடுத்த வாரமாக விழுந்தால் அத்தையும் இருக்க மாட்டார். மாமா இருப்பார், அன்று வத்தைக்கு நாள் இல்லை. அவரைக் கூட்டிக்கொண்டு போங்கள், குழந்தையை அவர் மடியில் வைத்தே ஊசி போடச் சொல்லுங்கள். அன்று ராத்திரி காய்ச்சல் வரலாம், செவிலியர் தரும் மருந்தை அவர் சொன்ன அளவில் கொடுங்கள். வியாழன் காலை அப்பா வரும் நேரத்துக்குக் குழந்தை அயர்ந்து தூங்கும். எழுப்ப வேண்டாம் என்று செவ்வாய்க்கிழமையே சொல்லிவையுங்கள்.